ஏனோஸ் வீலொக்கின் பாதி வாழ்க்கை

மெல்பேர்ண் புறநகரான கிரான்பர்னில், ரவுண்ட்அபவுட்டின் ஓரப் புல்லில் மல்லாந்து கிடந்த தன் முகத்தை எறிக் வீலொக் தூக்கி நிமிர்த்திக்கொண்டிருந்தபோது டில்ஷா தொலைபேசியில் அழைத்தாள். முந்தின நாள் அடித்த காற்றில் தேர்தல் பலகை விழுந்திருந்தது. கழுத்தில் நீல நிற ரை, வெள்ளைப் பல், கீழே பெரிய எழுத்தில் பெயர். சுத்தியல் கொண்டுவரவில்லை. சப்பாத்துக் குதியால் கட்டையை மிதித்து இறுக்கப் பார்த்தான்; பலகை குடிகாரனைப் போல ஒரு பக்கம் சாய்ந்தே நின்றது. தொகுதியில் பாதிப் பலகைகளை நட்டவன் டில்ஷாவின் கணவன் ஜனுஷன். மரக்கறித் தோட்டத்தில் வேலை முடிந்து, கைமண்ணைக்கூடக் கழுவாமல் வான் வண்டியில் பலகைகளை ஏற்றிக்கொண்டு போவான். போன வாரம் வழக்கமான விசாக் கையெழுத்துக்கென்று போனவனை அங்கேயே பிடித்து வைத்துக்கொண்டார்கள். இப்போது தடுப்பு முகாமில் இருந்தான்.

"அண்ணா, திங்கக்கிழமையாம்," என்றாள் டில்ஷா.

"என்ன திங்கக்கிழமை?"

"பிளைற். இப்பதான் அவர் போன் எடுத்துச் சொன்னவர். பின்னேரம் ஏத்தித் திருப்பி அனுப்புறாங்களாம்."

எறிக் பலகையை விட்டுவிட்டான். லொறி ஒன்று பக்கத்தால் போனது. அன்று வியாழக்கிழமை. "ஒஃபிசுக்கு வாரும், நான் வாறன்," என்று சொல்லிவிட்டுக் காருக்கு நடந்தான்.

அவனுடைய அலுவலகம் மளிகைக் கடை ஒன்றின் மேல்மாடியில் இருந்தது. வீடு வாங்குவது விற்பது, உயில், விசா, இவைதான் தொழில். டில்ஷா கதிரையின் நுனியில் இருந்தாள். நான்கு வயது மகள் ஷெரின் தண்ணீர்ப் போத்தல் இயந்திரத்தின் குழாயைத் திருகித் திருகிப் பார்த்தாள். ஜனுஷனின் அகதி வழக்கை எறிக்தான் நடத்தினான். நீதிமன்றம் நீதிமன்றமாகப் படிப்படியாக ஏறி, எல்லாப் படியிலும் தோற்று, இனி ஏறப் படி இல்லை. குடிவரவு அமைச்சர் விரும்பினால் தன் அதிகாரத்தால் ஒருவனை நிறுத்தி வைக்கலாம். அது ஒன்றுதான் பாக்கி. அதற்கும் விண்ணப்பம் போய்க் கிடந்தது, பதில் இல்லை. திரும்பிப் போனால் என்ன நடக்கும் என்பதைப் பற்றி டில்ஷா ஒன்றும் சொல்லவில்லை. அது சொல்லித் தெரிய வேண்டிய விஷயமல்ல. மன்னாரில் ஜனுஷனின் தமையனை விசாரிக்கவென்று கூட்டிக்கொண்டு போனவர்கள் திரும்பக் கொண்டுவந்து விடவில்லை. அடுத்ததாக இவனைத் தேடி வந்தார்கள், இவன் படகேறினான். அவ்வளவையும் எறிக் தன் கையாலேயே எழுதித் தாக்கல் செய்திருந்தான்.

"சனிக்கிழமை உங்கட பப்பான்ர புத்தக வெளியீட்டுக்கு உங்கட கட்சிச் செனட்டர் மனிசி வாறாதானே?" என்று கேட்டாள் டில்ஷா.

"ஓம்."

"அவ அமைச்சருக்கு நல்ல பழக்கமாம் எண்டு நீங்கதான் சொன்னனீங்கள்."

"பழக்கம்தான். நான் தனிய ஒருக்கா கதைச்சுப் பாக்கிறன்."

"தனியக் கதைச்சால் பாப்பம் எண்டு சொல்லிப்போட்டுப் போயிடுவா, அண்ணா. மேடையில, எல்லாரும் இருக்கேக்க கேளுங்கோ. பேப்பர்க்காரரும் வருவினம்தானே. அவ்வளவு சனத்துக்கு முன்னால, பிள்ளையும் நானும் இருக்கேக்க, மாட்டன் எண்டு அவ எப்பிடிச் சொல்லுவா?"

எறிக்கிற்குச் சுருக்கென்றது. பத்தாம் வகுப்போடு படிப்பை விட்டவள், அவன் மூன்று நாளாக யோசிக்காமல் தள்ளிவைத்திருந்த ஒன்றை நேராக எடுத்து மேசையில் வைத்துவிட்டாள். கேட்கலாம்தான். கேட்டால் செனட்டர் அந்த இடத்திலேயே வாக்குக் கொடுக்கத்தான் வேண்டியிருக்கும். அடுத்த நாள் கட்சி எறிக்கைத் தூக்கி எறிந்துவிடும். வேட்புமனு இன்னும் கொடுக்கவில்லை. பலகையில் முகத்தை மாற்றுவது பெரிய வேலையே அல்ல. கட்சிப் பொறுப்பாளர் பிரெட் முதல் நாளே சொல்லியிருந்தான்: படகு, அகதி, நாடுகடத்தல், இந்த மூன்றில் எதையும் தேர்தல் முடியும்வரை வாயில் எடுக்கக் கூடாது, முடிந்த பிறகு வேண்டியதைச் செய்துகொள். பிரெட் நல்லவன்தான். தன் வீட்டுத் தோட்டத்து எலுமிச்சம்பழம் கொண்டுவந்து கொடுப்பான்.

"யோசிக்கிறன்," என்றான் எறிக்.

"நீங்கள் உள்ளுக்குப் போனால் எங்கட ஆக்களுக்கு நல்லது எண்டுதான் அவர் அவ்வளவு பலகையும் நட்டவர்," என்றாள் டில்ஷா. அவள் குத்திக்காட்டிச் சொல்லவில்லை. அதுதான் அவனுக்கு அதிகம் வலித்தது. பிள்ளையின் நனைந்த கைகளைத் தன் சட்டை நுனியால் துடைத்து, "போட்டு வாறம் அண்ணா," என்று எழுந்தாள்.

வீலொக் என்ற பெயரைத் தொலைபேசியில் கேட்டு வருபவர்கள் வெள்ளைக்காரன் ஒருவனைத் தேடி வருவார்கள். கதவைத் திறந்ததும் கறுத்த, கண்ணாடி போட்ட யாழ்ப்பாணத்து முகம். "நீங்களா மிஸ்டர் வீலொக்?" என்று கேட்பார்கள். வாக்குச் சீட்டில் இந்தப் பெயருக்குத் தனி மதிப்பு என்று பிரெட் கண்டுபிடித்ததும் அதனால்தான். பெயர் வந்த கதை பழையது. அமெரிக்க மிஷனரிகள் யாழ்ப்பாணத்து வட்டுக்கோட்டைப் பக்கம் விடுதிப் பள்ளிகள் நடத்திய காலத்தில், அமெரிக்காவில் இருக்கும் ஒருவர் ஒரு பையனின் படிப்புச் செலவை ஏற்றுக்கொள்ளலாம். ஏற்றுக்கொண்டால் பையனுக்கு அவருடைய பெயரை வைத்துவிடுவார்கள், கோவிலுக்கு மணி வாங்கிக் கொடுத்தவர் மணியில் தன் பெயரை வெட்டிக்கொள்வது போல. அப்படித்தான் கதிர்காமன் என்ற பையன் ஒரு நாள் காலையில் ஏனோஸ் வீலொக் ஆனான். செலவு ஏற்றவர் மசசூசெற்ஸில் சிறு நகரம் ஒன்றில் அப்போதுதான் தொழில் தொடங்கியிருந்த இளம் வழக்கறிஞர். அவர் பையனைக் கண்டதில்லை. பையனும் அவரைக் கண்டதில்லை. ஆனால் அந்தப் பையனின் வாரிசுகள் கதிர்காமனை மறந்து வீலொக்கைப் பிடித்துக்கொண்டார்கள். தலைமுறைக்கு ஒரு மூத்த மகன் சட்டம் படித்தான். படிக்க விருப்பமா என்று ஒருவனையும் யாரும் கேட்கவில்லை.

அமெரிக்க வீலொக்கின் வாழ்க்கையை எறிக்கின் வீட்டில் வேதாகமம் போல மனப்பாடமாக வைத்திருந்தார்கள். சப்பாத்துத் தைப்பவரின் மகன். பனியில் நடந்து பள்ளிக்குப் போனவர். ஒரு கிழவியின் பசுவுக்காக முதல் வழக்கு ஆடி வென்றவர். அடிமை முறை பாவம் என்று தேவாலயத்தில் பேசிக் கல்லடி வாங்கியவர். நெற்றியில் அந்தத் தழும்பு கடைசிவரை இருந்ததாம். மாநிலச் சபைக்குப் போனார், பிறகு வாஷிங்டனுக்குக் காங்கிரஸ் உறுப்பினராகப் போனார். எறிக்கின் தகப்பன் டெஸ்மன்ட் இதைச் சொல்லும்போது 'எங்கட வீலொக்' என்றுதான் சொல்லுவார், ஏதோ பக்கத்து வளவுக்காரர் போல.

கல்லடிக்கும் காங்கிரசுக்கும் நடுவில் ஒரு வருடம் இருக்கிறது. எறிக் அதைச் சட்டக் கல்லூரி நூலகத்தில் கண்டுபிடித்தான். ஒளித்து வைத்த சங்கதி ஒன்றுமில்லை. அந்த நகரத்தின் வரலாற்றுப் புத்தகத்தில் யாரும் படிக்கலாம். தப்பி ஓடிவந்த அடிமைகளைப் பிடித்துத் திருப்பி அனுப்ப 1850இல் அமெரிக்கா ஒரு சட்டம் போட்டது. அனுப்புவதா விடுவதா என்று தீர்மானிக்க ஆணையாளர்களை வைத்தது. வீலொக் அந்தப் பதவியை ஏற்றுக்கொண்டார். அடுத்த வருடம் வர்ஜீனியாவிலிருந்து ஓடிவந்து, அந்த ஊரிலேயே பீப்பாய் செய்து பிழைத்து, கல்யாணமும் கட்டிப் பிள்ளையும் பெற்றிருந்த ஒருவனை அவர் முன்னால் கொண்டுவந்து நிறுத்தினார்கள். தன் பக்கத்தைச் சொல்லப் பிடிபட்டவனுக்கு அந்தச் சட்டத்தில் வாய் கிடையாது. நண்பர்கள் வீலொக்கின் வீட்டு வாசலில் நின்று கெஞ்சினார்கள்: பத்திரம் சரியில்லை என்று தள்ளிவிடு, முடியாவிட்டால் பதவியை விடு. அவர் சொன்னார், நான் விலகினால் என்னைவிடக் கொடியவன் இந்தக் கதிரைக்கு வருவான், உள்ளே நின்றால்தான் ஒரு நாள் இந்தச் சட்டத்தை மாற்றலாம். சொல்லிவிட்டுக் கையெழுத்துப் போட்டார். பீப்பாய்க்காரனைப் படைவீரர்கள் நடுவில் நடத்திக்கொண்டுபோய்க் கப்பலில் ஏற்றினார்கள். மறு தேர்தலில் வீலொக் வாஷிங்டன் போனார். அங்கே இரண்டு தவணை இருந்தார். எதையும் மாற்றவில்லை. பீப்பாய்க்காரனுக்குப் பிறகு என்ன ஆயிற்று என்று எங்கும் எழுதப்படவில்லை.

வெள்ளிக்கிழமை பின்னேரம் எறிக் கிளென் வேவர்லிக்குப் போனான். தகப்பனின் வீட்டுக் கூடத்தில், அவர் எழுதிய வீலொக் வரலாற்றின் பிரதிகள் பெட்டி பெட்டியாக அடுக்கியிருந்தன. அட்டையில் கோட்டும் தாடியுமாக வீலொக். டெஸ்மன்டுக்கு எண்பத்து நான்கு வயது. இதயம் பலவீனம், கால்கள் வீங்கி, சக்கர நாற்காலியில் இருந்தார். மடியில் ஒரு பிரதியை வைத்து அட்டையைத் தடவிக்கொண்டிருந்தார். யாழ்ப்பாண நீதிமன்றத்தில் அவர் எழுந்தால் எதிர்த்தரப்பு உட்கார்ந்துவிடும் என்பார்கள். மெல்பேர்ணில் அவர் சட்டத்தை யாரும் கேட்கவில்லை. ஓய்வு பெறும்வரை பார்சல் கிடங்கில் பெட்டி அடுக்கினார்.

"பப்பா, ஐம்பத்தோராம் வருசத்தைப் பற்றி ஒரு வரியும் இல்லையே," என்றான் எறிக்.

"அது எங்களுக்குத் தேவையில்லாத பகுதி."

"ஒரு மனிசனைக் கப்பல் ஏத்தினவர்."

கிழவர் நிமிர்ந்து பார்த்தார். நீதிமன்றத்துப் பார்வை கொஞ்சம் மிச்சமிருந்தது. "கிடங்கில சூப்பர்வைசர் ஒருத்தன் இருந்தவன், உன்னை விடச் சின்னவன். முதல் நாள் என்ர பேரைப் பாத்துப்போட்டு இது எங்க பொறுக்கினது எண்டு கேட்டான். அமெரிக்கக் காங்கிரசில இருந்த மனிசன்ர பேர், அவர் காசு கட்டித்தான் நாங்கள் படிச்சனாங்கள் எண்டன். பிறகு ஒரு நாளும் அவன் என்னைப் பாத்துச் சிரிக்கேல்லை. வீடு போச்சு, தொழில் போச்சு, உன்ர அம்மாவும் போயிட்டா. அந்தப் பேர் ஒண்டுதான் என்னோட வந்தது."

"நாளைக்கு நான் பேசேக்க அந்தப் பகுதியையும் சொன்னால்?"

"சொல்லு," என்றார் டெஸ்மன்ட். "நான் செத்தாப் பிறகு சொல்லு." பிறகு, தேத்தண்ணி போட்டுத் தரச் சொன்னார். எறிக் குசினிக்குப் போய்க் கேத்திலை வைத்துவிட்டு, அது கொதித்து நின்ற பிறகும் அப்படியே நின்றான்.

வீடு திரும்பும்போது காரை ஓரமாக நிறுத்தித் தீர்மானித்துவிட்டான். முழுவதையும் சொல்வது. வீலொக்கில் தொடங்கி, பீப்பாய்க்காரனைச் சொல்லி, அப்படியே ஜனுஷனுக்கு வந்து, செனட்டரின் முகத்தைப் பார்த்துக் கேட்பது. தீர்மானித்ததும் நெஞ்சு இலேசாயிற்று. வேட்பாளர் பதவி போனால் போகட்டும், வீடு விற்கிற பத்திரம் எழுதிச் சாகலாம். டில்ஷாவுக்கு, 'நாளைக்குக் கட்டாயம் வாரும், பிள்ளையையும் கூட்டி வாரும்' என்று செய்தி அனுப்பினான்.

சனிக்கிழமை தேவாலய மண்டபம் நிறைந்திருந்தது. ஜெபம் முடிந்து, வரவேற்புரை முடிந்து, செனட்டருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். அவர் சிவந்த முகமும் முத்து மாலையுமாக எல்லோரையும் பார்த்துத் தலையாட்டினார். பக்கத்தில் பிரெட். முன்வரிசை ஓரத்தில் டெஸ்மன்டின் சக்கர நாற்காலி. பழைய கறுப்புக் கோட்டைப் போட்டுவிடச் சொல்லிப் பிடிவாதம் பிடித்து, அதற்குள் குச்சியாக இருந்தார். கடைசி வரிசையில் டில்ஷா. தேவாலயத்துக்குப் போகும் சேலையைக் கட்டியிருந்தாள். மடியில் ஷெரின். எறிக் மேடையேறியதும் டில்ஷா பிள்ளையைத் தூக்கிக் கதிரையில் நிற்கவைத்தாள், மேடைக்குத் தெரியட்டும் என்று.

தமிழில் கொஞ்சம் சொல்லி, அதையே ஆங்கிலத்தில் சுருக்கிச் சொல்லி, எறிக் நன்றாகத்தான் பேசினான். சப்பாத்துத் தைப்பவரின் மகன். பனி. கிழவியின் பசு, சனம் சிரித்தது, செனட்டரும் சிரித்தார். தேவாலயத்தில் பேச்சு. கல். தழும்பு. எங்கள் குடும்பம் இந்தக் கல்லடியிலிருந்து வந்தது என்று ஆங்கிலத்தில் சொன்னபோது பேப்பர்க்காரப் பெண் குனிந்து எழுதினாள். பிரெட் பெருவிரலை உயர்த்திக் காட்டினான்.

"ஆயிரத்து எண்ணூற்று ஐம்பதாம் ஆண்டு அமெரிக்காவில் ஒரு சட்டம் வந்தது," என்றான் எறிக்.

தகப்பனைப் பார்த்தான். பார்த்திருக்கக் கூடாது. கிழவர் உதட்டை அசைத்துக்கொண்டிருந்தார். மகன் சொல்லச் சொல்ல, ஒவ்வொரு சொல்லையும் தானும் கூடவே சொல்லிக்கொண்டு வந்திருக்கிறார். இப்போது உதடு நின்றுவிட்டது. கெஞ்சவில்லை, முறைக்கவில்லை. தண்டனை கேட்க நிற்கிறவர் போல மகனையே பார்த்தார். எறிக் பின்வரிசையைப் பார்த்தான். டில்ஷா சேலைத் தலைப்பை வாயில் வைத்துக் கடித்துக்கொண்டு நின்றாள். நாக்கின் நுனியில் பீப்பாய்க்காரன் வந்து நின்றான். பப்பா இப்போதே செத்துப்போவார் என்று எறிக் நினைத்தான். அதோடு கூடவே இன்னொன்றையும் நினைத்தான்: திங்கட்கிழமைக்கு முன்னால் செனட்டரைத் தனியாகப் பிடித்துக்கொள்ளலாம், உள்ளே போனால் இப்படி நூறு பேரை நிறுத்தலாம், நான் விலகினால் இந்தத் தொகுதிக்கு வருகிறவன் யார்? அந்த வாக்கியம் எங்கேயிருந்து வருகிறது என்று அவனுக்குத் தெரியும். தெரிந்துகொண்டுதான் நினைத்தான்.

"அந்தக் கடினமான காலத்தைத் தாண்டி," என்றது அவன் வாய், "வீலொக் காங்கிரசுக்குத் தெரிவானார்."

கைதட்டல் எழுந்தது. டெஸ்மன்ட் கண்ணைத் துடைத்துக்கொண்டார். மீதியை எறிக் எப்படிப் பேசி முடித்தான் என்று அவனுக்கே நினைவில்லை. மேடையை விட்டு இறங்கும்போது காது இரண்டும் கொதித்தன. தன்னை நினைத்து அவ்வளவு வெட்கம் அவனுக்கு முன்னொருபோதும் வந்ததில்லை. தோளைத் தட்டியவர்களுக்கெல்லாம் நன்றி, நன்றி என்று சொன்னான்.

சிற்றுண்டியாக ரோல்சும் பற்றீசும் கொடுக்கத் தொடங்கினார்கள். டில்ஷா கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தாள். அழவில்லை. இன்னும் இருக்கிறது, இவர் சரியான நேரத்துக்காகக் காத்திருக்கிறார் என்று நம்புகிற முகம்.

"அண்ணா, சட்டம் ஒண்டு வந்தது எண்டு சொன்னீங்கள். அது என்ன சட்டம்?"

"அது... ஓடி வந்த ஆக்களைத் திருப்பி அனுப்புற சட்டம்."

"அப்ப உங்கட வீலொக் என்ன செய்தவர்?"

எறிக் அவளைப் பார்த்தான். பொய் சொல்ல வாய் வரவில்லை. "அனுப்பினவர்," என்றான்.

டில்ஷா தலையை ஆட்டினாள், பஸ் போய்விட்டது என்று கேட்டவள் போல. திரும்பிப் பிள்ளையைத் தேடினாள். பிள்ளை பக்கத்தில் இல்லை. மண்டபத்தின் முன்புறம் ஒரே சிரிப்பும் சத்தமுமாக இருந்தது. படம் எடுக்கிறவருக்குக் குழந்தை ஒன்று வேண்டியிருக்க, யாரோ ஷெரினைத் தூக்கிச் செனட்டரின் மடியில் இருத்திவிட்டார்கள். அது பற்றீஸ் எண்ணெய்க் கையால் செனட்டரின் முத்து மாலையைப் பிடித்து இழுத்தது. செனட்டர் அதைப் பெரிதுபடுத்தாமல் சிரித்தார்.

"வேட்பாளர் எங்க? அண்ணை, வாங்கோ, பக்கத்தில நில்லுங்கோ," என்று படக்காரர் கூப்பிட்டார். பிரெட் எறிக்கின் முதுகில் கை வைத்து முன்னால் தள்ளினான். எறிக் போய் நாற்காலிக்குப் பின்னால் குனிந்து நின்றான். செனட்டரின் காது அவன் வாய்க்கு ஒரு சாண் தூரத்தில் இருந்தது. அதில் சிறிய வெள்ளைத் தோடு. என்ன வடிவான பிள்ளை, யாருடையது என்று செனட்டர் திரும்பாமலே ஆங்கிலத்தில் கேட்டார்.

"எல்லாரும் இஞ்ச பாத்துச் சிரியுங்கோ," என்றார் படக்காரர்.

எறிக் வாயைத் திறந்தான். கமெராவுக்குப் பின்னால் டில்ஷா நின்றாள். பிள்ளையையோ செனட்டரையோ அவள் பார்க்கவில்லை, அந்த வாயையே பார்த்துக்கொண்டு நின்றாள்.